பள்ளி வாசலில் வண்டிகள் மெதுவாகப் போக எது உதவும்: போர்டா, வேகத்தடையா, பெயின்ட்டா, தெருவைக் குறுக்குவதா?

எங்கள் தெரு 40 அடி ரோடு. கோவையின் ஓரத்தில் தோட்டங்கள் மனைகளாகப் பிரிக்கப்பட்ட காலத்தில் இங்கே இடம் வாங்கியவர்கள் முதலில் சொல்லும் பெருமையே அதுதான்: "ரெண்டு லாரி எதிரெதிரே தாராளமா போலாமுங்க." அந்தத் தாராளத்தின் நடுவில் ஒரு தொடக்கப் பள்ளி இருக்கிறது. போன வருடம் வரை ரோடு குண்டும் குழியுமாகக் கிடந்தது, எல்லோரும் திட்டிக்கொண்டே மெதுவாகப் போனார்கள். அப்புறம் புதுத் தார் போட்டார்கள். ஒரு வாரம்கூட ஆகவில்லை, தெருவின் குணமே மாறிவிட்டது. முன்பு இரண்டாவது கியரில் உருட்டிக்கொண்டு போன அதே பால்காரர், அதே காலேஜ் பையன்கள், குழந்தையைப் பள்ளியில் விட வரும் அதே அப்பா அம்மாக்கள், இப்போது சர்ரென்று பறக்கிறார்கள். ஒரே வாரத்தில் இத்தனை பேருக்கும் புத்தி கெட்டுப்போயிருக்காது. ரோடு மாறியது, ஓட்டும் விதம் மாறியது, அவ்வளவுதான்.

இதை ஒத்துக்கொண்டால்தான் மேலே பேச முடியும். குடியிருப்போர் சங்கக் கூட்டத்தில் பாதி நேரம் "இந்தக் காலத்துப் பசங்க" என்பதிலேயே போய்விட்டது. மீதிப் பாதியில் நாலைந்து யோசனைகள் வந்தன. ஒவ்வொன்றையும் பற்றி நான் படித்ததையும், எங்கள் தெருவில் நின்று பார்த்ததையும் வைத்து இதை எழுதுகிறேன். உங்கள் தெருவிலும் இதே பேச்சு நடந்துகொண்டிருக்கலாம்.

வேகம் ஏன் இவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரே ஒரு கணக்கு. 30 கி.மீ. வேகத்தில் வரும் வண்டிக்கு முன்னால் ஒரு குழந்தை ஓடிவருகிறது என்று வையுங்கள். ஓட்டுகிறவர் கண்ணில் பட்டு, மூளைக்கு உறைத்து, பிரேக் பிடிக்க ஒரு நொடி ஆகும், அதற்குள் வண்டி 8 மீட்டர் வந்திருக்கும். காய்ந்த ரோடு, நல்ல பிரேக் என்றால் இன்னும் 5 மீட்டரில் நிற்கும். மொத்தம் 13 மீட்டர் சொச்சம். அதே வண்டி 50-இல் வந்தால் அந்த ஒரு நொடியிலேயே 14 மீட்டர் போய்விடுகிறது. அதாவது முதல் வண்டி நின்றுவிட்ட இடத்தை இரண்டாவது வண்டி பிரேக்கே பிடிக்காமல் முழு வேகத்தில் கடக்கிறது. 2022-இல் இந்தியாவில் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர், தமிழ்நாட்டில் மட்டும் 17,884 பேர். இதில் பெரும்பகுதி நெடுஞ்சாலைகளில் என்பது உண்மைதான், ஆனால் பள்ளி வாசலில் நிற்கும் அம்மாவுக்கு அந்த வித்தியாசம் எந்த ஆறுதலும் தராது.

முதலில் போர்டு. "பள்ளிப் பகுதி, மெதுவாகச் செல்லவும்." இது வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, சட்டப்படி ஒரு வரம்பு இருப்பது நல்லது. சென்னையில் 2023-இல் குடியிருப்புத் தெருக்களுக்கு 30 கி.மீ. என்று வரம்பு வைத்தார்கள். ஆனால் போர்டு 30 என்று சொல்லும்போது ரோடு வழுவழுவென்று, நேராக, அகலமாக, 60-இல் போ என்று சொல்லிக்கொண்டிருக்கிறது. ஓட்டுகிறவரின் கையும் காலும் ரோடு சொல்வதைத்தான் கேட்கும். கேமரா வைத்து அபராதம் போட்டால் அடங்குவார்கள் என்றார் ஒருவர். பெரிய சந்திப்புகளில் அது வேலை செய்யும், எங்கள் தெரு மாதிரி இடத்துக்குக் கேமரா வரப்போவதில்லை, வந்தாலும் அந்தக் கம்பத்துக்கு முன்னால் மட்டும் பிரேக் பிடிப்பார்கள். போலீஸ் வைக்கும் பேரிகேடு வேறு ரகம். இரண்டை வளைந்து போகும்படி வைத்தால் வண்டிகள் நிஜமாகவே தவழ்ந்து போகின்றன, யாரும் நின்று சொல்ல வேண்டியதே இல்லை. அந்த இரும்புத் தடுப்பு செய்கிற வேலை என்ன என்று யோசித்துப் பாருங்கள், தெருவைக் குறுக்குகிறது. இதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

கூட்டத்தில் கைதட்டு வாங்கியது வேகத்தடைதான். "அதெல்லாம் யோசிக்கவே வேண்டாமுங்க, கேட்டுக்கு அந்தப் பக்கம் ஒண்ணு இந்தப் பக்கம் ஒண்ணு ஸ்பீடு பிரேக்கர் போட்டுட்டா தானா அடங்கிருவாங்க" என்றார் ஓய்வுபெற்ற ஒரு பெரியவர். அவர் சொன்னதில் பாதி சரி. முறையாகக் கட்டிய வேகத்தடை வேகத்தைக் குறைக்கிறது, அதில் சந்தேகமில்லை. சாலைப் பொறியாளர்களின் அமைப்பான இந்தியச் சாலைக் காங்கிரஸின் வழிகாட்டுதலில் அளவே இருக்கிறது: 3.7 மீட்டர் அகலம், 10 செ.மீ. உயரம், 17 மீட்டர் ஆரத்தில் மெல்ல ஏறி மெல்ல இறங்கும் வளைவு. 25 கி.மீ. வேகத்தில் போனால் உடம்புக்குத் தெரியாது, அதற்கு மேல் போனால் தூக்கிப்போடும். இந்த அளவு சும்மா வந்ததில்லை. 1970-களின் தொடக்கத்தில் பிரிட்டனின் போக்குவரத்து ஆய்வுக்கூடம் பலவிதமான மேடுகளைக் கட்டி, வண்டிகளை ஓட்டிப் பார்த்துத்தான் இந்த வடிவத்துக்கு வந்தது. குறுகலான, செங்குத்தான மேட்டை வேகமாகத் தாண்டினால் சஸ்பென்ஷன் அதிர்ச்சியை வாங்கிக்கொள்கிறது, மெதுவாகப் போகிறவருக்குத்தான் இடுப்பு ஒடிகிறது. அதனால்தான் இவ்வளவு அகலமான மேடு.

நம் தெருக்களில் இருப்பது எது? பெரும்பாலும் அந்தக் குறுகலான மேடுதான். இரண்டு அடி அகலம், சுவர் மாதிரி உயரம், பெயின்ட் கிடையாது, முன்னறிவிப்பு போர்டு கிடையாது. சில இடங்களில் தெருக்காரர்களே ராத்திரியோடு ராத்திரியாக மிச்ச சிமென்ட்டைக் கொட்டி எழுப்பியது. அனுமதியில்லாமல் அப்படிப் போடுவது சட்டவிரோதம் என்பதுகூடப் பலருக்குத் தெரியாது. என் அம்மா அப்படி ஒரு மேட்டில்தான் விழுந்தார். ஸ்கூட்டரின் பின்சீட்டில் ஒருபக்கமாக உட்கார்ந்து வந்துகொண்டிருந்தார், தெருவிளக்கு எரியவில்லை, மேடு இருப்பது ஏறிய பிறகுதான் தெரிந்தது. மணிக்கட்டு உடைந்து ஆறு வாரம் மாவுக்கட்டு. வேகத்தைக் குறைக்கக் கட்டிய ஒன்று, மெதுவாகப் போன வண்டியிலிருந்து ஒருவரைக் கீழே தள்ளியது. எனக்கு வேகத்தடை மீது இருக்கும் தயக்கத்தில் இதற்கும் பங்கு உண்டு என்பதைச் சொல்லிவிடுகிறேன்.

சரி, அளவுப்படியே கட்டினாலும் எங்கள் ஊர்த் தெருவில் ஒரு சிக்கல் இருக்கிறது. மழைத் தண்ணீர் ஓட வேண்டும் என்பதால் மேட்டின் இரு ஓரங்களிலும் இடைவெளி விடுவார்கள். பக்கத்து மெயின் ரோட்டு வேகத்தடை அருகில் ஒரு மாலை நின்று பாருங்கள். கார்கள் மேட்டில் ஏறி இறங்குகின்றன. பைக்குகள் அப்படியே ஓரம் ஒதுங்கி, அந்த இடைவெளி வழியாக, வேகம் குறையாமல் போகின்றன. ஓரத்தில் யார் இருக்கிறார்கள்? நடந்து போகிறவர்கள். நடைபாதை இல்லாத தெருவில் வேகத்தடை பைக்குகளை நடுரோட்டிலிருந்து எடுத்து நடப்பவர்களின் கால் மேல் விடுகிறது. நம் தெருக்களில் ஓடும் வண்டிகளில் இரு சக்கர வண்டிகள்தான் அதிகம் என்பதால் இதைச் சின்ன விஷயம் என்று விட முடியாது.

இன்னொன்று, வேகத்தடை ஒரு புள்ளியில்தான் வேலை செய்கிறது. தாண்டியதும் விட்ட நேரத்தைப் பிடிக்க ஆக்சிலேட்டரை முறுக்குகிறார்கள். அதனால்தான் தெரு முழுக்க வேகம் குறைய வேண்டுமென்றால் 100 மீட்டருக்கு ஒன்று என்ற கணக்கில் தொடர்ந்து போட வேண்டியிருக்கிறது, அப்படிப் போட்டால் ஆம்புலன்ஸில் முதுகு உடைந்து படுத்திருப்பவரும், நிறைமாதக் கர்ப்பிணியும் ஒவ்வொன்றிலும் குலுங்க வேண்டும். மேட்டுக்கு நேர் எதிரே வீடு உள்ளவர்கள் ராத்திரி முழுக்க லாரியின் தடதட சத்தத்தைக் கேட்க வேண்டும். அடுத்த முறை தார் போடும்போது பாதி மேடு புதைந்தும் போய்விடும்.

பெயின்ட் யோசனை ஒரு கல்லூரி மாணவியிடமிருந்து வந்தது. ரோட்டில் நிஜக் கட்டைகள் நிற்பது போல முப்பரிமாணத்தில் வரையும் ஜீப்ரா கோடுகள். 2016 வாக்கில் அகமதாபாத்தில் வரைந்தவை நாடு முழுக்கப் பேசப்பட்டன, அடுத்த வருடம் ஐஸ்லாந்தின் ஈஸாஃப்யோர்துர் என்ற சின்ன ஊரிலும் வரைந்தார்கள். பார்க்க அழகு, செலவு குறைவு, ஒரே நாளில் முடியும். ஆனால் இது கண்ணை ஏமாற்றும் வித்தை, ஒரே ஆளை ஒருமுறைதான் ஏமாற்ற முடியும். வெளியூர்க்காரர்கள் வந்துபோகும் நெடுஞ்சாலை வளைவுக்கு அது போதலாம். சிகாகோவின் லேக் ஷோர் டிரைவில் ஒரு அபாயகரமான வளைவுக்கு முன்னால் குறுக்குக் கோடுகளை நெருங்க நெருங்க வரைந்து, வேகம் கூடுவது போன்ற உணர்வைக் கொடுத்து, ஓட்டுகிறவரைப் பிரேக் பிடிக்க வைத்தார்கள். எங்கள் தெருவில் தினமும் போவது அதே ஐந்நூறு பேர்தான். இரண்டாவது வாரம் அவர்களுக்கு அது வெறும் பெயின்ட், முதல் மழைக்காலத்துக்குப் பிறகு அதுவும் இருக்காது.

இணையத்தில் படித்துவிட்டு நெதர்லாந்து உதாரணத்தைச் சொன்னார் இன்னொருவர். டிராக்டன் என்ற ஊரில் ஹான்ஸ் மொண்டர்மன் என்ற போக்குவரத்துப் பொறியாளர் சிக்னல், போர்டு, கோடு எல்லாவற்றையும் எடுத்துவிட்டார், ஓட்டுகிறவர்கள் தாங்களே ஒருவரையொருவர் பார்த்து நிதானமாகப் போனார்கள். "எல்லாத்தையும் எடுத்துருவோம், தானா பார்த்துப் போவாங்க" என்றார். எனக்கு அந்த வேலையின் மேல் மதிப்பு உண்டு, ஆனாலும் இங்கே ஒத்துவராது. அங்கே அந்தச் சதுக்கத்தில் வண்டிகள் ஏற்கெனவே மெதுவாக வரும்படி தரை, வளைவு, அகலம் எல்லாம் கட்டப்பட்டிருந்தன. கண்ணைப் பார்த்து வழி விடுவது மெதுவாக வரும்போதுதான் நடக்கும். இங்கே வேகம் குறையாமல் கோட்டை மட்டும் எடுத்தால் பெரிய வண்டிக்காரர் முதலில் போவார், குழந்தை கடைசியில் போகும். பார்வையில்லாதவர்கள் யார் கண்ணைப் பார்ப்பது என்ற கேள்விக்கு ஐரோப்பாவிலேயே இன்னும் சரியான பதில் இல்லை. அதே நாட்டின் டெல்ஃப்ட் நகரில் 1960-களின் இறுதியில் தொடங்கிய இன்னொரு முறை எனக்கு அதிகம் பிடிக்கிறது. தெருவில் மரம், தொட்டி, வளைவு, குழந்தைகள் விளையாடும் இடம் எல்லாவற்றையும் கொண்டுவந்து வைத்து, இது வீட்டு முற்றத்தின் நீட்சி, வண்டி இங்கே விருந்தாளி என்று தெருவையே சொல்ல வைத்தார்கள். 1976-இல் அதற்குச் சட்ட அங்கீகாரமும் கிடைத்தது.

நான் கூட்டத்தில் வாதாடியது இதன் சின்ன வடிவத்துக்குத்தான். பள்ளி கேட்டுக்கு எதிரே ஒரு 30 மீட்டருக்கு மட்டும் 40 அடி ரோட்டில் வண்டிக்கு 18 அடி, இரு பக்கமும் 11 அடி நடப்பவர்களுக்கு. 18 அடி என்பது ஏறக்குறைய ஐந்தரை மீட்டர், இரண்டு கார்கள் மெதுவாகப் போனால் தாராளமாக விலகலாம், இரண்டு பள்ளிப் பேருந்துகள் வந்தால் ஒன்று நின்று வழிவிட வேண்டும். அந்த நிற்றல்தான் நமக்கு வேண்டியது. அப்புறம் கேட்டுக்கு நேராக, நடைபாதையின் அதே மட்டத்துக்கு உயர்த்திய ஒரு கடக்கும் மேடை, அடியில் மழைத்தண்ணீருக்குக் குழாய். ஓரத்தில் இடைவெளி இல்லாததால் பைக்குகள் ஒதுங்கவும் வழியில்லை. சாதாரணத் தெருவில் குழந்தைதான் வண்டியின் தரைக்கு இறங்குகிறது. இங்கே வண்டி குழந்தையின் தரைக்கு ஏறி வருகிறது. யார் யாருடைய இடத்தில் நுழைகிறார்கள் என்பது ஓட்டுகிறவருக்குச் சக்கரத்திலேயே தெரிந்துவிடும்.

கடக்கும் நேரத்தையும் பாருங்கள். ஆறு வயதுக் குழந்தை நொடிக்கு ஒரு மீட்டர் நடக்கும் என்று வைத்தால் 40 அடியைக் கடக்க 12 நொடி. 40 கி.மீ. வேகத்தில் வரும் வண்டி அந்த 12 நொடியில் 130 மீட்டர் வந்துவிடும். அவ்வளவு தூரத்தில் ஒரு வண்டி வருகிறதா என்று பார்த்துக் கணிப்பது பெரியவர்களுக்கே கஷ்டம். 18 அடி என்றால் ஐந்தரை நொடி, 60 மீட்டர் பார்த்தால் போதும்.

இதிலும் குறை இருக்கிறது. அகலமான நடைபாதை கட்டிய மறுநாள் அங்கே பைக் நிற்கும், நாலாவது நாள் காரே நிற்கும். தடுப்புக் கட்டை நட்டால் சக்கர நாற்காலிக்கு 90 செ.மீ. வழி விட வேண்டும், அதே 90 செ.மீட்டரில் பைக்கும் நுழைந்துவிடும். நடைபாதையைத் திண்ணை உயரத்துக்குக் கட்டினால் பைக் ஏறாது, பாட்டியும் ஏறமாட்டார், ரோட்டில்தான் நடப்பார். 15 செ.மீட்டருக்கு மேல் போகக் கூடாது. அந்த இடத்தை ஆட்களால் நிரப்புவது ஒன்றுதான் எனக்குத் தெரிந்த வழி. இரண்டு புங்க மரம், பிள்ளைகளைக் கூட்டிப் போக வந்து வெயிலில் நிற்கும் பெற்றோருக்கு ஒரு நீளப் பெஞ்ச், நெல்லிக்காயும் மாங்காய்க் கீற்றும் விற்கும் அந்த அம்மாவின் கடைக்கு ஓர் ஓரம். சென்னை பாண்டி பஜாரில் 2019-இல் திறந்த நடைபாதை வளாகத்துக்குப் போனவர்களுக்கு இது தெரிந்திருக்கும். கடைக்குப் போய்விட்டு உடனே கிளம்பிய இடத்தில் இப்போது குடும்பமாக உட்கார்ந்திருக்கிறார்கள், அதைச் செய்யச் சொல்லி அங்கே யாரும் போர்டு வைக்கவில்லை.

இன்னொரு வழியும் உண்டு, எதுவுமே கட்டாமல். பள்ளி தொடங்கும்போதும் விடும்போதும் அரை மணி நேரம் தெருவையே வண்டிகளுக்கு மூடிவிடுவது. இத்தாலியின் போல்சானோவில் 1989-இல் தொடங்கியது, லண்டனில் இப்போது நூற்றுக்கணக்கான பள்ளிகளில் நடக்கிறது. எங்கள் தெருவுக்கு இணைத் தெரு இருப்பதால் சாத்தியம்தான். தினமும் இரண்டு வேளை கயிறு பிடிக்க ஆள் வேண்டும் என்பதுதான் பிரச்சினை. முதல் மாதம் உற்சாகமாக வருவார்கள், மூன்றாவது மாதம் யார் வருவார்கள்? அதோடு மாலை ஏழு மணிக்கு டியூஷனுக்குப் போகும் குழந்தைக்கு அது உதவாது.

எதைச் செய்தாலும் அது வேலை செய்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது என்பதில்தான் நாம் பெரும்பாலும் கோட்டை விடுகிறோம். விபத்துகளை எண்ணிப் பிரயோஜனம் இல்லை, ஒரு தெருவில் வருடத்துக்கு ஒன்றோ இரண்டோ நடந்தால் அது அடுத்த வருடம் தானாகவே குறையலாம், நாம் கட்டியதால்தான் குறைந்தது என்று சொல்லிக்கொள்வோம். வேகத்தை எண்ணுங்கள், அதற்குக் கருவி வேண்டாம். தெருவில் 30 மீட்டர் அளந்து இரண்டு சுண்ணாம்புக் கோடு போட்டு, செல்போன் ஸ்டாப்வாட்ச்சில் நேரம் எடுத்து, 108-ஐ அந்த நொடியால் வகுத்தால் கி.மீ. கணக்கில் வேகம் வந்துவிடும். ஆம்புலன்ஸ் எண்ணும் 108 என்பதால் மறக்காது. 3.6 நொடி என்றால் 30 கி.மீ., 2.7 நொடி என்றால் 40. சராசரியை மட்டும் பார்க்காதீர்கள், நூறு வண்டிகளில் வேகமான அந்தப் பதினைந்து எவ்வளவில் போகின்றன என்று பாருங்கள், ஆபத்து அங்கேதான் இருக்கிறது. கையில் போனோடு ரோட்டோரம் நின்றால் போலீஸ் என்று நினைத்து எல்லோரும் மெதுவாகப் போவார்கள், மாடியிலிருந்து எடுங்கள். ஏப்ரலில் ஒரு தடவையும் மே விடுமுறையில் ஒரு தடவையும் எடுத்து ஒப்பிடாதீர்கள். புதிதாக ஒன்றைக் கட்டியதும் எல்லோரும் வேடிக்கை பார்த்துக்கொண்டு மெதுவாகத்தான் போவார்கள், ஆறு வாரம் கழித்து எடுங்கள். பக்கத்துத் தெருவிலும் எடுங்கள், ஏனென்றால் நம் வண்டிகளை அங்கே விரட்டிவிட்டு நாம் நிம்மதியாக இருப்பது தீர்வு ஆகாது.

இதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. கோவையில் சமீப ஆண்டுகளில் பல சந்திப்புகளில் சிக்னலை எடுத்துவிட்டு யூ-டர்ன் வைத்தார்கள். காரில் போகும்போது எனக்கே அது பிடித்திருக்கிறது, நிற்க வேண்டியதில்லை. அதே இடத்தில் இறங்கி நடந்தபோதுதான் சிவப்பு விளக்கின் அந்தச் சில நொடிகள் எனக்கு எவ்வளவு உதவியிருந்தன என்று புரிந்தது. வண்டியின் நேரத்தை அளந்தால் வெற்றி, கடக்கிறவரின் நேரத்தை அளந்தால் வேறு முடிவு. அதனால் எங்கள் நோட்டில் மூன்று கட்டங்கள் வைத்திருக்கிறேன்: கேட்டிலிருந்து எதிர்ப்பக்கம் போக எத்தனை நொடி காத்திருந்தார்கள், கடக்கும்போது ஓடினார்களா நடந்தார்களா, குழந்தையின் கையைப் பிடித்திருந்தார்களா விட்டிருந்தார்களா. ஓர் அம்மா பள்ளி வாசலில் குழந்தையின் கையை விடுகிறார் என்றால் அந்தத் தெருவை அவர் நம்புகிறார்.

இப்போதைக்கு முடிவு இதுதான். ஜூனில் பள்ளி திறந்ததும் இரண்டு வாரம் கணக்கெடுப்போம். பிறகு அனுமதி வாங்கி, மணல் நிரப்பிய டிரம்களையும் பூந்தொட்டிகளையும் வைத்து கேட் எதிரே 18 அடியாகக் குறுக்கிப் பார்க்கிறோம், மேடை இப்போதைக்கு இல்லை, சரிப்பட்டால் மாநகராட்சியிடம் நிரந்தரமாகக் கேட்போம். ஆறு வாரம் கழித்து எடுக்கும் கணக்கில் அந்த வேகமான பதினைந்து வண்டிகள் அப்போதும் 40-க்கு மேலேயே போய்க்கொண்டிருந்தால், அளவுப்படி கட்டிய, பெயின்ட் அடித்த, விளக்கு வைத்த இரண்டு வேகத்தடைகள் கேட்டு மனுவை நானே எழுதி அந்தப் பெரியவரிடம் முதல் கையெழுத்து வாங்குவேன்.